இடிப்பதற்காகவே கட்டப்பட்ட வீடுகள்: பன்சி சந்திரகுப்தாவின் திரைக்கலை

சத்யஜித் ராயின் 'ஜல்சாகர்' (1958) படத்தில் நொடித்துப்போன ஜமீன்தார் தம் மாளிகையின் தாழ்வாரத்தைக் கடந்து இசைக்கூடத்திற்குள் நுழைகிறார். பார்வையாளருக்கு அது நாலடி தொலைவு. உண்மையில் அந்தத் தாழ்வாரம் முர்ஷிதாபாத் மாவட்டத்தின் நிம்திதா அரண்மனையில் இருந்தது. இசைக்கூடமோ இருநூறு கிலோமீட்டருக்கு அப்பால், கல்கத்தாவின் படப்பிடிப்புத் தளமொன்றில் மரத்தாலும் சுண்ணத்தாலும் எழுப்பப்பட்டது. நிம்திதாவில் கதைக்கு ஏற்ற இடிபாடும் ஆற்றங்கரையும் தூண்வரிசையும் இருந்தன; கதையின் உயிராகிய இசைக்கூடத்திற்குத் தேவையான கம்பீரம் மட்டும் இல்லை. அந்தக் குறையைக் கட்டி நிரப்பியவர் பன்சி சந்திரகுப்தா. ஒரு வாசலின் இருபுறமும் இரண்டு ஊர்கள் இருப்பதைப் படம் பார்ப்பவர் உணராதிருக்கும்போதே அவருடைய வேலை வெற்றி பெறுகிறது. அந்த வெற்றியே அவருடைய பெயரை மறைத்தும் விடுகிறது.

இந்தியத் திரைப்பட வரலாறு பெரும்பாலும் இயக்குநர், நடிகர், பாடகர், இசையமைப்பாளர் ஆகியோரின் வரலாறாகவே எழுதப்பட்டுள்ளது. கலைத்துறையினர் அந்த வரலாற்றின் அடிக்குறிப்புகளில் வாழ்கின்றனர். அவர்கள் உருவாக்கியவை படப்பிடிப்பு முடிந்ததும் பிரிக்கப்பட்டன. பலகைகள் அடுத்த படத்தின் சுவர்களாயின. அவர்களுடைய கைத்தொழிலை நேரில் காட்டும் சான்று எதுவும் தளத்தில் எஞ்சுவதில்லை. ஒருவர் முப்பது ஆண்டுகள் உழைத்தும் தாம் கட்டிய ஒரு சுவரைக்கூட யாருக்கும் சுட்டிக்காட்ட முடியாத தொழில் இது. இத்தகைய தொழிலின் வரலாற்றை எழுதுவது எவ்வாறு என்ற கேள்விக்குச் சந்திரகுப்தாவின் வாழ்க்கை ஒரு நல்ல தொடக்கம்.

திரைச்சீலையிலிருந்து சுவருக்கு

இந்தியத் திரைப்படத்தின் முதல் அரங்க அமைப்பாளர்கள் நாடக மேடையிலிருந்து வந்தவர்கள். பார்சி நாடகக் குழுக்களும் மராத்தி நாடகக் குழுக்களும் வண்ணம் தீட்டிய திரைச்சீலைகளை நம்பியே காட்சிகளை மாற்றின. அரண்மனை ஒரு சீலை, காடு ஒரு சீலை, தெரு ஒரு சீலை. கோலாப்பூரின் பாபுராவ் பெயிண்டர் அத்தகைய சீலைகளை எழுதிப் புகழ்பெற்ற மரபில் வந்தவர். அவருடைய தொழிலே அவருடைய பெயராக நிலைத்தது. மௌனப்படக் காலத்தில் தட்டையான சீலையை விட்டு நீள அகலத்தோடு ஆழமும் கொண்ட அரங்குகளை நோக்கி நகர்ந்தவர்களுள் அவர் முதன்மையானவர். அவரிடம் பயின்ற பத்தேலால் 1929இல் பிரபாத் நிறுவனத்தைத் தொடங்கியவர்களுள் ஒருவர். பிரபாத்தின் படங்களுக்குக் கலை அமைத்த அவரே தாம்லேயுடன் சேர்ந்து 'சந்த் துக்காராம்' (1936) படத்தை இயக்கினார்.

பம்பாய் டாக்கீஸ் வேறு வழியில் சென்றது. 1934இல் தொடங்கப்பட்ட அந்நிறுவனம் ஜெர்மானியத் தொழில்நுட்பர்களை அழைத்து வந்தது. 'அச்சூத் கன்யா' (1936) காலத்தில் அங்கே அரங்குகளை வடிவமைத்த கார்ல் ஃபான் ஸ்ப்ரெட்டி கட்டடக்கலை பயின்றவர். பின்னாளில் மேற்கு ஜெர்மனியின் தூதராகி, 1970இல் குவாதமாலாவில் கடத்திக் கொல்லப்பட்டவரும் அவரே. சென்னையில் ஜெமினி நிறுவனத்தின் 'சந்திரலேகா' (1948) படத்திற்கு ஏ. கே. சேகர் அமைத்த முரசு நடனக் காட்சி இன்னொரு மரபின் உச்சம். அங்கே அரங்கு தன்னைக் காட்டிக்கொண்டது. பார்வையாளர் அதன் பிரம்மாண்டத்தைக் கண்டு வியப்பதே நோக்கம்.

சந்திரகுப்தா இந்த மூன்று வழிகளிலிருந்தும் விலகி நின்றவர். வியப்பை அவர் நாடவில்லை. ஒரு வீடு அதில் வாழ்பவர்களின் வருமானத்தையும் பழக்கத்தையும் துயரத்தையும் தானாகவே சொல்ல வேண்டும் என்பதே அவருடைய பணியின் அடிப்படை.

காஷ்மீரிலிருந்து கல்கத்தாவிற்கு

அவர் 1924இல் சியால்கோட்டில் பிறந்த காஷ்மீரி. ஓவியராகும் ஆவலோடு 1940களில் கல்கத்தா வந்தார். பஞ்சம், போர், கலவரம், பிரிவினை என்று அந்நகரம் அடுத்தடுத்துச் சிதைந்த காலம் அது. அதே காலத்தில் ஓவியத்திலும் நாடகத்திலும் இலக்கியத்திலும் புதிய முயற்சிகள் அங்கே கிளைத்தன. வங்காளம் அவருடைய தாய்மொழி அன்று. ஆயினும் பின்னாளில் வங்க வாழ்வின் உள்ளறைகளை, ஒரு நாட்டுப்புற அடுக்களையின் புகைக்கறை முதல் பத்தொன்பதாம் நூற்றாண்டுச் செல்வந்தரின் வரவேற்பறை வரை, வங்கத்தவரே ஐயுறாத வகையில் அமைத்துக் காட்டியவர் அவர். வெளியிலிருந்து வந்தவருக்குப் பழக்கத்தால் மரத்துப்போகாத கண் இருந்தது என்று இதனை விளக்கலாம். சந்திரகுப்தா ஒரு வீட்டை மொழி கற்பவரைப் போலவே கற்றார்: எந்தப் பொருள் எங்கே வரும், எது எதனோடு சேரும், எது சேராது என்று.

1947இல் சத்யஜித் ராய், சிதானந்த தாஸ்குப்தா முதலியோரோடு சேர்ந்து கல்கத்தா திரைப்படக் கழகத்தைத் தொடங்கியவர்களுள் அவரும் ஒருவர். அங்கே திரையிடப்பட்ட வெளிநாட்டுப் படங்கள் அவர்களுக்குப் பள்ளியாயின. அதைவிடப் பெரிய பள்ளி 1949இல் வந்தது. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' படத்தை எடுக்க வங்கம் வந்தார். அவருடன் வந்த கலை இயக்குநர் யூஜீன் லூரியே, ரெனுவாரின் 'தி கிராண்ட் இல்யூஷன்' (1937), 'தி ரூல்ஸ் ஆஃப் தி கேம்' (1939) ஆகிய படங்களுக்கு அரங்கு அமைத்தவர். சந்திரகுப்தா லூரியேவின் உதவியாளரானார். கலை இயக்கம் என்பது வண்ணம் பூசும் வேலை என்ற எண்ணம் அங்கே உடைந்தது. ஒளிப்பதிவாளரின் ஒளி எத்திசையிலிருந்து வரும், கதைமாந்தர் எவ்வாசல் வழியே நுழைவார், எவ்வளவு இடம் தேவை என்ற கேள்விகளிலிருந்தே சுவர் பிறக்கிறது என்ற பாடம் தொடங்கியது.

போடாலின் இடிந்த வீடு

'பதேர் பாஞ்சாலி' (1955) படத்திற்குக் கல்கத்தாவை அடுத்த போடால் கிராமத்தில் ஒரு பழைய வீடு கிடைத்தது. இருந்ததை அப்படியே படமெடுத்ததாகப் பலரும் நம்புகின்றனர். அந்த நம்பிக்கை படத்தின் வலிமைக்குச் சான்று. வரலாற்றுக்கு அது போதாது. கைவிடப்பட்ட ஓர் இடிபாட்டை ஹரிஹரன் குடும்பம் வாழும் வீடாக மாற்ற வேண்டியிருந்தது. மேலும் பகற்காட்சிகள் போடாலில் எடுக்கப்பட, இரவுநேர உட்காட்சிகள் கல்கத்தாவின் படப்பிடிப்புத் தளத்தில் எடுக்கப்பட்டன. பகலில் போடாலில் கண்ட சுவரின் காரை பெயர்ந்த தழும்பு, இரவில் தளத்தில் கட்டிய சுவரிலும் அதே இடத்தில் இருக்க வேண்டும். மழை இரவில் துர்கா காய்ச்சலில் கிடக்க, காற்று கதவைத் தள்ளும் காட்சியில் பார்வையாளருக்கு அது அதே வீடு என்பதில் ஐயம் எழுந்திருந்தால் அந்தச் சாவு பொய்யாகிப் போயிருக்கும்.

சுவரைப் பழையதாக்குவது தனிக் கலை. வீடுகள் எல்லா இடத்திலும் ஒன்றுபோல் முதுமை அடைவதில்லை. ஈரம் அடியிலிருந்து மேலேறும். புகை மேலே படிந்து கீழிறங்கும். கதவின் ஓரத்தில் மனிதக் கை படும் உயரத்தில் மட்டும் அழுக்கு மினுங்கும். தூணின் ஒரு பக்கம் சாய்ந்து உட்கார்ந்தவர்களின் முதுகால் வழவழப்பாகும். இவற்றைக் கவனியாமல் எங்கும் சீராகப் பூசப்பட்ட பழுப்பு நிறம் பழமையைக் காட்டாது, பூச்சையே காட்டும். கறுப்பு வெள்ளைப் படமாதலால் இன்னொரு சிக்கலும் இருந்தது. கண்ணுக்கு வேறுவேறாகத் தோன்றும் பச்சையும் சிவப்பும் படச்சுருளில் ஒரே சாம்பலாக மாறக்கூடும். ஆகவே கலை இயக்குநர் நிறங்களைக் கண்ணால் காண்பதோடு நிற்க முடியாது. அவை சாம்பலின் எந்தப் படியில் வந்து விழும் என்று கணக்கிட்டே தேர்ந்தெடுக்க வேண்டும்.

ஓர் அரங்கும் ஓர் ஒளியும்

அடுத்த படமான 'அபராஜிதோ' (1956) கலை இயக்கத்தின் வரலாற்றில் தனி இடம் பெற வேண்டியது. காசியில் ஹரிஹரன் குடும்பம் குடியிருக்கும் வீட்டின் நடு முற்றத்தைத் திறந்தவெளியில் அமைப்பதே முதல் திட்டம். மழைக்காலத்தை அஞ்சிச் சந்திரகுப்தா அந்தத் திட்டத்தைக் கைவிட்டு, கல்கத்தாவில் தளத்தின் கூரைக்குக் கீழே முற்றத்தைக் கட்ட முடிவு செய்தார். ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா இதற்கு உடன்படவில்லை. காசியின் குறுகிய முற்றங்களில் வானத்திலிருந்து இறங்கும் ஒளி நிழலற்றது, பரவலானது. தளத்தின் விளக்குகளோ ஒவ்வொரு பொருளுக்கும் கூர்மையான நிழலைத் தரும். ராயிடமும் சந்திரகுப்தாவிடமும் அவர் வாதாடியும் பயனில்லை. அரங்கு உள்ளேயே எழும்பியது.

வேறு வழியற்ற மித்ரா, முற்றத்தின் மேலே வானம் இருக்க வேண்டிய இடத்தில் வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். விளக்குகளைக் கீழிருந்து அத்துணியின்மேல் பாய்ச்சி, அங்கிருந்து திரும்பி வரும் மென்மையான ஒளியில் படமெடுத்தார். எதிரொளி முறையை இவ்வாறு ஓர் ஒழுங்கான ஒளியமைப்பாகக் கையாண்டதில் அவர் உலகின் முன்னோடிகளுள் ஒருவராக மதிக்கப்படுகிறார். அம்முறை தம் மிக முக்கியமான கருவியானதற்கு அந்த அரங்கே காரணம் என்பதை மித்ராவே பின்னர் பதிவு செய்தார். இதில் கவனிக்கத்தக்கது, ஒளியின் வரலாற்றில் ஏற்பட்ட இந்தத் திருப்பம் மழைக்கு அஞ்சிய ஒரு கலை இயக்குநரின் நடைமுறை முடிவிலிருந்து பிறந்தது என்பதே. படக்கலையில் துறைகள் தனித்தனியே வளர்வதில்லை. ஒரு துறையின் பிடிவாதம் இன்னொரு துறையின் கண்டுபிடிப்பாகிறது.

யாருடைய கண்?

1964இல் வந்த 'சாருலதா' இந்தப் பணியின் முதிர்ச்சி. 1879ஆம் ஆண்டு வாக்கிலான கல்கத்தாவின் செல்வக் குடும்பத்து வீடு அப்படத்தின் களம். தனிமையில் வாடும் சாரு ஒரு சன்னலிலிருந்து இன்னொரு சன்னலுக்கு நடந்து, கையிலுள்ள கண்ணாடியால் தெருவைப் பார்க்கும் தொடக்கக் காட்சியில் உரையாடல் ஏறத்தாழ இல்லை. பேச வேண்டியதை அறைகள் பேசுகின்றன. நீண்ட தாழ்வாரம், கனத்த அறைக்கலன்கள், சன்னற்பலகைகள் ஆகியவற்றுக்கிடையே அவள் நடக்கும் தூரமே அவளுடைய தனிமையின் அளவு. அந்த வீடு தளத்தில் கட்டப்பட்டது. 'நாயக்' (1966) படத்தில் கல்கத்தாவிலிருந்து தில்லி செல்லும் இரயிலின் பெட்டிகளும் அவ்வாறே. நடிகன் ஒருவன் பணக்குவியலுள் புதையும் கனவுக் காட்சியையும், இரயில் உணவகத்தின் எளிய மேசையையும் ஒரே கை அமைத்தது.

இங்கே ஒரு நியாயமான எதிர்வாதம் எழும். ராயே சாந்திநிகேதனில் ஓவியம் பயின்றவர். விளம்பர நிறுவனத்தில் ஓவியராகப் பணியாற்றியவர். சிவப்புத் துணியட்டையிட்ட கணக்கேடுகளில் காட்சிகளையும் உடைகளையும் அரங்குகளையும் தாமே வரைந்து வைத்தவர். அப்படியானால் சந்திரகுப்தாவின் பங்கு அந்த ஓவியங்களைப் பலகையில் ஏற்றியது மட்டும்தானா?

ஏட்டிலுள்ள கோட்டுக்குத் தடிப்பு இல்லை. ஒரு வாசலை வரைந்தவர், அதன் நிலைக்காலின் ஆழம் எத்தனை அங்குலம், அதன்மேல் விழும் நிழல் எவ்வளவு, கதவைத் திறந்தால் அப்பால் தெரிய வேண்டியது என்ன, ஒளிப்படக் கருவி பின்வாங்கும்போது எந்தச் சுவரைக் கழற்ற வேண்டும் என்பவற்றை ஓவியத்தில் முடிவு செய்துவிட முடியாது. அவற்றை முடிவு செய்ய மரத்தின் விலையும் தச்சரின் திறனும் படப்பிடிப்பின் நாட்கணக்கும் தெரிந்திருக்க வேண்டும். மிருணாள் சென்னின் 'பாயிஷே ஷ்ராவண்' (1960) போன்று ராய் தொடர்பற்ற படங்களிலும் சந்திரகுப்தாவின் பணி இருப்பதை நினைவில் கொண்டால், அவர் பிறர் கோடுகளை நிறைவேற்றிய கை மட்டும் அல்லர் என்பது விளங்கும். ராயின் ஏடுகள் பாதுகாக்கப்பட்டன. அது பெரும் நற்பேறு. ஆனால் பாதுகாக்கப்பட்ட தாளை மட்டும் கொண்டு எழுதப்படும் வரலாறு, தாளில் பதியாத உழைப்பைத் தன்னையறியாமல் தாளுக்குரியவர் கணக்கில் எழுதிவிடும்.

பெயரும் பொருளும்

வங்கப் படங்களின் பெயர்ப்பட்டியலில் இத்துறை 'ஷில்ப நிர்தேஷனா' எனப்படுகிறது. வங்காளத்தில் 'ஷில்ப' என்ற சொல் கலையையும் குறிக்கும், தொழிலையும் குறிக்கும். அதே வடமொழிச் சொல் தமிழில் 'சிற்பம்' என்றாகிச் சிலைவடித்தலோடு சுருங்கிவிட்டது. தமிழ்த் திரைப்படங்கள் 'கலை' என்ற சொல்லையே இத்துறைக்குச் சூட்டின. அழகான சொல்தான், ஆனால் அது அலங்காரத்தை நினைவூட்டும் அளவிற்குத் திட்டமிடலையும் தச்சையும் கணக்கையும் நினைவூட்டுவதில்லை. ஹாலிவுட்டில் 1939இல் 'கான் வித் தி விண்ட்' படத்தின்போது வில்லியம் கேமரன் மென்ஸீஸுக்கு 'புரொடக்‌ஷன் டிசைனர்' என்ற புதிய பெயர் வழங்கப்பட்டது. படத்தின் தோற்றம் முழுவதற்கும் பொறுப்பாளர் என்பது அதன் கருத்து. இந்தியாவில் அப்பெயர் பரவுவதற்குப் பல பத்தாண்டுகள் ஆயின. தேசியத் திரைப்பட விருதுகள் 1954இல் தொடங்கின. கலை இயக்கத்திற்கென்று தனி விருது 1970களின் இறுதியில்தான் வந்தது. கால் நூற்றாண்டுக் காலம் அரசு ஆவணத்தில் இத்துறைக்கு ஓர் இடமே இல்லை.

பெயர்ப்பட்டியலில் கலை இயக்குநருக்குக் கிடைத்த ஒரு வரியும் அவருக்குக் கீழே உழைத்தவர்களுக்குக் கிடைக்கவில்லை. தச்சர், வார்ப்படம் எடுப்பவர், வண்ணம் பூசுபவர், துணி தைப்பவர், பழைய பொருட்களை வீடுவீடாகத் தேடி வாடகைக்குக் கொணர்பவர் எனப் பலர் சேர்ந்தே ஓர் அறை உருவாகும். சந்திரகுப்தாவின் பெயர் மறக்கப்பட்டது என்று வருந்துவோர், அவர் பெயருக்குப் பின்னால் எழுதப்படாமலே போனவர்களையும் அந்த வருத்தத்தில் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

பம்பாய்

வங்கத் திரைத்துறையின் சந்தை, பிரிவினையில் கிழக்கு வங்கத்தின் திரையரங்குகளை இழந்து சுருங்கியது. அங்கே நல்ல படங்கள் எடுக்கப்பட்டன. அவற்றால் தொழில்நுட்பர்கள் பிழைப்பது அரிதாக இருந்தது. சந்திரகுப்தா 1970களில் பம்பாய்க்குச் சென்றார். வணிகப் படங்களிலும் குமார் சஹானியின் 'மாயா தர்ப்பண்' (1972) போன்ற கடினமான சோதனை முயற்சியிலும் பணியாற்றினார். ராயின் 'ஷத்ரஞ்ச் கே கிலாடி' (1977) அவரை மீண்டும் பழைய நண்பரோடு இணைத்தது; 1856ஆம் ஆண்டின் லக்னோவை, ஆட்சியை இழக்கப்போகும் வாஜித் அலி ஷாவின் அரசவையை, அவர் அமைத்தார். 1981இல் மட்டும் 'சக்ரா', 'கல்யுக்', '36 சௌரிங்கி லேன்' ஆகிய படங்கள் அவர் பணியுடன் வெளிவந்தன. சேரி, தொழிலதிபர்களின் மாளிகை, ஆங்கிலோ இந்திய ஆசிரியையின் சிறு குடியிருப்பு என்று மூன்றும் மூன்று வர்க்கங்களின் வீடுகள். அதே 1981இல் அமெரிக்காவில் இருந்தபோது அவர் காலமானார். அவருக்கு அறுபது வயதுகூட நிரம்பவில்லை.

அவர் விட்டுச் சென்ற பாதையில் பின்னர் பலர் நடந்தனர். தோட்டா தரணி 'நாயகன்' (1987) படத்திற்காகப் பம்பாயின் தாராவியைச் சென்னையில் எழுப்பித் தேசிய விருது பெற்றபோது, அரங்கு தன்னை மறைத்துக்கொள்வதே அதன் சிறப்பு என்ற கருத்து தமிழ்த் திரையிலும் வேரூன்றிவிட்டிருந்தது.

1993இல் இலண்டன் ஆய்வகம் ஒன்றில் ஏற்பட்ட தீயில் அபு முப்படங்களின் மூலச் சுருள்கள் பெரும் சேதமடைந்தன. எரிந்து சுருங்கிய அச்சுருள்களில் மீட்க முடிந்தவற்றை மீட்டு, ஏனைய பகுதிகளைப் பிற படிகளிலிருந்து சேர்த்துச் செப்பனிட்ட வடிவம் 2015இல் வெளிவந்தது. அந்தத் தெளிவான வடிவில் முகங்களோடு சுவர்களும் துலங்குகின்றன. போடால் வீட்டின் விரிசல்கள், காசி முற்றத்தின் காரை, கதவோரத்தில் கைபட்டு மங்கிய மரம் எல்லாம் தெரிகின்றன. காசி முற்றம் பிரிக்கப்பட்டு எழுபது ஆண்டுகள் ஆகப்போகின்றன. அதைக் கட்டியவர்களின் வேலைக்கு அந்தப் படச்சுருள் ஒன்றே ஆவணம். சுருளைக் காப்பாற்றுவது ராயின் படைப்பைக் காப்பாற்றுவது என்றே பேசப்படுகிறது. சந்திரகுப்தாவின் வீடுகளும், பெயர் தெரியாத தச்சர்களின் நிலைக்கால்களும், மித்ராவின் துணி வானமும் அதே சுருளில்தான் இருக்கின்றன.